முப்பத்தாறு அங்குலம்

பதினோரு வருடம் அந்தப் பாலத்தின் மேல்
பேருந்து ஓட்டினேன்.
கீழே தண்ணீர் ஓடுவது தெரியாது என்றால்
பொய்.
தெரியும். வாடை வரும்.
ஜூலையில் எல்லா ஜன்னலையும் ஏற்றிவிட்டு
பச்சை விழக் காத்திருப்போம்,
நானும் நாற்பது பேரும்.

அல்டோனா ஏறியது ஒரு மார்ச் மாதம்.
ஹால்ஸ்டெட் தெரு நிறுத்தம், காலில் பனிச்சேறு,
தோளில் ஒன்பதடித் துடுப்புகள் இரண்டு.
நீளமான சாமான் ஏற்றக்கூடாது என்றேன்.
சாமான் இல்லை, பயணிகள் என்று
மூன்று பேருக்குக் காசு போட்டாள்.
பின்னிருக்கையில் யாரோ சிரித்தார்கள்.
அது ஓடம் வண்டியில் ஏறிய நாள்.
வண்டி ஓடத்தில் ஏற
இன்னும் நான்கு மாதம் இருந்தது.

அவள் இறங்கியபின் இருக்கைக்கடியில் கிடந்தது
வெண்கலத்தில் ஒரு கொண்டி,
துடுப்பை விளிம்போடு பிடித்துவைப்பது.
இரண்டு நாள் சட்டைப்பையில் கனத்தது.
மூன்றாம் நாள் கொண்டுபோய்க் கொடுத்தேன்.
கார் பழுதுபார்த்த பழைய கொட்டகை;
தரையில் எண்ணெய்க் கறை போகவில்லை,
அதன்மேல் தலைகீழாய்ப் படகு,
விலா எலும்பெல்லாம் தெரிய.

பசை காய்கிறது, இதைப் பிடி என்றாள்.
பிடித்தேன்.
செவ்வாய்க்கிழமைகள் இப்படித்தான் போயின.

அகலம் ஏன் இவ்வளவு குறைச்சல் என்று கேட்டேன்.
ஓடைக்கு இறங்க இருப்பது ஒரே வழி,
கிடங்குக்குப் பின்னால், கம்பிவேலியில் ஒரு கதவு.
அளந்து பார்த்தாள்: முப்பத்தாறரை அங்குலம்.
படகு முப்பத்தாறு.
எந்த வரைபடத்திலும் இல்லாத அளவு அது.
கதவைப் பெரிதாக்கச் சொல்லி
நகராட்சிக்கு ஆறு கடிதம் எழுதினாளாம்.
ஏழாவதற்குப் பதிலாகத்தான் இந்தப் படகு.

சாய்த்துத் தூக்கினால் நுழையுமே என்றார் மோய்,
நூடுல்ஸ் கடையை மகனிடம் விட்டுவிட்டு
உளியோடு வந்து உட்கார்ந்திருப்பவர்.
ஆறு பேர் இருந்தால் சாய்க்கலாம்.
தனியாக வருகிறவள்
சக்கரத்தில் வைத்துத் தள்ளிக்கொண்டு போக வேண்டாமா?
அதற்குமேல் மோய் பேசவில்லை.
அரை அங்குலத்தில் கையுறை தேயாதபடி
விளிம்பை இன்னும் கொஞ்சம் இழைத்தார்.

அனுமதி தந்த அதிகாரி நல்ல மனிதர்.
ஒன்றுதான் கேட்டார்:
அந்த ஓடையில் யாரம்மா துடுப்புப் போடுவார்கள்?
நூறு வருடத்துக்கு முன்னே
மாட்டுக் குடலும் இரத்தமும் கொட்டிய ஓடை.
அடியில் இன்றும் எதுவோ செரித்துக்கொண்டிருக்கிறது;
குமிழ் குமிழாய் மேலே வருகிறது.
தண்ணீர் கொதிப்பதாகத்தான்
சின்ன வயதில் நினைத்திருந்தேன்.

ஜூலை, ஒரு சனிக்கிழமை.
பலகையில் இட்செல் எழுதிவைத்தாள்:
ஏறலாம். காசில்லை. நீச்சல் தெரியவேண்டாம்,
அங்கி கட்டாயம்.
பதினாறு வயது, எங்களுக்கு அவள்தான் தாளம் சொல்பவள்.
என்னை அதட்டினாள்: தோளால் இல்லை, காலால்!
துடுப்புகள் ஒன்றோடொன்று இடித்தன.
மோய் கன்டோனீஸில் என்னவோ சொன்னார்,
யாரும் மொழிபெயர்க்கவில்லை.

யாரும் சொல்லாத ஒன்று:
துடுப்புப் போடுகிறவன் முதுகைக் காட்டிக்கொண்டு போகிறான்.
என் பிழைப்பு முழுக்கக் கண்ணாடிக்கு முன்னால் போனது;
இங்கே வந்த வழி மட்டும்தான் தெரிகிறது,
கிடங்கு, கதவு, ஒரு சாம்பல் நாரை,
நாம் கலக்கிவிட்ட குமிழ்கள்.
முன்னால் என்ன என்பதை
அல்டோனாவின் முகத்தில் பார்த்துக்கொள்ளவேண்டும்.
அவள் சுக்கான் பிடித்திருந்தாள்,
முகத்தில் ஒன்றும் இல்லை, வெயில்தான்.

பிறகு நிழல் விழுந்தது.
நிமிர்ந்தால் என் பாலம்.
அடிவயிறு முழுக்கத் துரு, ஆணி, புறாக்கூடு.
பதினோரு வருடம் இதன்மேல்தானா?
மேலே தடதடவென்று
எட்டாம் எண் வந்து நின்றது, சிவப்புக்கு.
வேறு யாரோ ஓட்டினார்கள்.
எல்லா ஜன்னலும் ஏறியிருந்தன.

நிழலைத் தாண்டி வந்து கையை ஆட்டினோம்.
மோய் தொப்பியைக் கழற்றி ஆட்டினார்.
யாரும் பார்க்கவில்லை; பச்சை விழுந்தது, போனது.

துடுப்பை நிறுத்துங்கள் என்றாள் அல்டோனா.
அடுத்தது
எட்டு நிமிடத்தில் வரும்.